சுருள் குழாயை நிமிர்த்த வேலூர் வெயிலே போதும்

ஆழ்துளைக் கிணற்றிலிருந்து தொட்டிக்குத் தண்ணீர் கொண்டுவர நாம் வாங்கும் கறுப்பு எச்.டி.பி.இ. (அடர்த்தி மிகுந்த பாலிஎத்திலீன் பிளாஸ்டிக்) குழாய் சுருளாகத்தான் கிடைக்கிறது. அதை நிமிர்த்தப் பழைய செய்தித்தாளைக் கொளுத்திக் காட்டுகிறவர்கள் இருக்கிறார்கள். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். இந்தப் பிளாஸ்டிக் ஏறக்குறைய 130 டிகிரி செல்சியஸில் உருகிவிடும். தீயின் சூடு அதைவிடப் பல மடங்கு. குழாயின் சுவர் ஓரிடத்தில் மெலிந்துவிட்டால், மோட்டார் ஓடும்போது அந்த இடம்தான் முதலில் பிளக்கும். உருகிய சொட்டு கையில் பட்டால் ஒட்டிக்கொண்டு சுடும். கத்திரியில் 40 டிகிரியைத் தாண்டும் ஊரில் நெருப்பு எதற்கு?

முதலில் கட்டை அவிழ்க்க வேண்டும். ஆபத்து அதிகம் இருப்பது இங்கேதான். சுருளுக்குள் இறுகிக் கிடக்கும் விசை, எல்லாக் கட்டுகளையும் ஒன்றாக வெட்டினால் முகத்தை நோக்கிப் பாயும். வெளிமுனையை ஒருவர் பிடித்துக்கொள்ள, நீங்கள் பக்கவாட்டில் நின்று ஒவ்வொரு கட்டாக வெட்டுங்கள். கண்ணாடியும் கையுறையும் அணியுங்கள்.

பிறகு முனையைத் தரையில் பதித்து, சுருளைச் சக்கரம் போல உருட்டிக்கொண்டே போங்கள். படுக்கவைத்த சுருளிலிருந்து உருவி இழுத்தால் சுற்றுக்கு ஒரு முறுக்கு ஏறும்; பிறகு வெயிலாலும் அதைச் சரிசெய்வது கடினம்.

விரித்த குழாயை மொட்டை மாடியிலோ வாசலிலோ காலையிலேயே நேராகக் கிடத்தி, சில அடிக்கு ஒரு மணல் மூட்டை வையுங்கள். உச்சி வெயிலில் அது இளகிக் கொடுக்கும். சூடாக இருக்கும்போதே பாரத்தை எடுத்தால் பழைய வளைவு திரும்பிவிடும். பொழுது சாய்ந்து முழுவதும் ஆறிய பிறகே எடுக்க வேண்டும். பலர் அவசரப்பட்டுக் கோட்டைவிடுவது இந்த இடத்தில்தான்.

அளந்து வெட்டுவதும் ஆறிய பிறகே. 30 மீட்டர் குழாய் 20 டிகிரி குளிர்ந்தால் ஏறக்குறைய 10 சென்டிமீட்டர் சுருங்கும். அந்தச் சுருக்கத்துக்கு இடம் வேண்டும்; ஆகவே லேசான நெளிவு மிச்சமிருந்தால் கவலைப்படாதீர்கள். மலையடிவாரப் பாறையில் பள்ளம் தோண்ட முடியாமல் தரைமேல் ஓடும் குழாய்க்கு அந்த நெளிவு அவசியம் என்பேன்.

கப்ளிங் (இரண்டு குழாய்களை இணைக்கும் துண்டு) பொருத்தும் முனை மட்டும் நேராக இருந்தாக வேண்டும், இல்லையென்றால் கசியும். அங்கே ஒரு முழ நீளத்துக்குக் கொதி அடங்கிய வெந்நீரை ஊற்றி, ரீப்பர் கட்டையோடு சேர்த்துக் கட்டி ஆறவிடுங்கள். எங்காவது மடிந்து வெளுத்துப் போயிருந்தால் நிமிர்த்தப் பார்க்காமல் அந்தத் துண்டை வெட்டி நீக்கி, கப்ளிங் போட்டு இணையுங்கள்.

தோட்டத்து பி.வி.சி. ஹோஸுக்கும் இதே வெயில் வைத்தியம்தான். அது கரிந்தால் மூச்சை எரிக்கும் அமிலப் புகை வரும்.

குழாய் வெயிலில் கிடக்கும் வீட்டில், நண்பகலில் திறந்ததும் வரும் தண்ணீர் கையைச் சுடும் அளவுக்குக் காய்ந்திருக்கும். அதை வடியவிட்ட பிறகே குழந்தைகளைக் குளிப்பாட்டுங்கள்.