இன்ஜெக்டரைக் கழற்றும் முன் பில்டர் பம்பை அமுக்கிப் பாருங்கள்

நெல் மூட்டையோடு செங்கலடி–பதுளை வீதியில் ஏற்றம் ஏறும்போது டீசல் கெப் திணறினால், பலர் நேரே இன்ஜினுக்குள் டீசலைப் பீய்ச்சும் இன்ஜெக்டரைக் குற்றம் சொல்கிறார்கள். அது பெரிய செலவு. டாங்கியிலிருந்து டீசல் ஒழுங்காக வருகிறதா என்று முதலில் பாருங்கள்.

பல கெப்களில் டீசலை வடிகட்டும் பில்டரின் தலையில் கையால் அமுக்கும் சிறு பம்ப் இருக்கும். இரவு முழுக்க நின்ற வண்டியில், காலையில் சாவி திருப்பும் முன் அதை அமுக்குங்கள். ஓரிரு அமுக்கிலேயே உள்ளங்கைக்கு இறுகினால் சரி. தொளதொளவென்று இறங்கி, இருபது முப்பது தடவைக்குப் பிறகுதான் இறுகுகிறது, அப்புறம் ஒரே திருப்பில் ஸ்டார்ட் ஆகிறது என்றால் எங்கோ காற்று புகுகிறது. வெடித்த ரப்பர் குழாய், தளர்ந்த கிளிப், பில்டரின் ரப்பர் வளையம், இவற்றைப் பாருங்கள். இது டீசலை உறிஞ்சும் பக்கம் என்பதால் ஓடும்போது வெளியே சொட்டாமலும் காற்றை இழுக்கும். பில்டரிலிருந்து இன்ஜினுக்குப் போகும் பக்கத்தில், உள்ளே தெரியும் டீசல் குழாய்த் துண்டு ஒன்றைத் தற்காலிகமாகப் பொருத்தினால் குமிழி ஓடுவது கண்ணுக்கே தெரியும்.

மாரி காலத்தில் பில்டரின் அடித் திருகைத் தளர்த்தி ஒரு போத்தலில் பிடியுங்கள். டீசலில் தண்ணீர் கலந்திருந்தால் அது அடியில் தனியாகத் தங்கும்.

கொமன் ரெயில் இன்ஜினின் (எல்லா இன்ஜெக்டருக்கும் ஒரே உயர் அழுத்தக் குழாயிலிருந்து டீசல் போகும் வகை) இரும்புக் குழாய்களை மட்டும் ஓடும்போது தளர்த்தவே வேண்டாம். அங்கே அழுத்தம் 1000 பாரையும் தாண்டும், டீசல் தோலைத் துளைத்து உள்ளே போய்விடும். அந்த அழுத்தத்தை கராஜில் ஸ்கேனர் போட்டே பாருங்கள்.