குடிலுக்கு ஒரு ஸ்டேடியம் 974: பிரித்து அடுக்கக்கூடிய மாதிரி செய்யும் முறை

தூத்தூரிலிருந்து நீரோடி வரைக்கும் எங்கள் குமரிக் கடற்கரையில் கால்பந்து இல்லாத தெரு கிடையாது. கிறிஸ்துமஸ் குடிலில் மலையும் ஓடையும் ஒட்டகமும் வைத்து வைத்துப் பிள்ளைகளுக்குச் சலித்துவிட்டது. "மாமி, ஸ்டேடியம் வைப்போம்" என்பார்கள். வைக்கலாம் மக்களே. நான் தையற்காரி, தச்சு வேலை தெரியாது. ஆனால் அளவெடுக்கத் தெரியும், இதற்கு அது போதும்.

எந்த ஸ்டேடியம் என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். 2022 உலகக் கோப்பை நடந்த கத்தாரின் எட்டு மைதானங்களில் எல்லோரும் கேட்பது இறுதிப் போட்டி நடந்த லுசைல். அதன் வளைவுகளை அட்டையில் கொண்டுவர முயன்றால் சட்டிப் பானைதான் வரும். கூடார வடிவில் இருக்கும் அல் பைத் என் தொழிலுக்குப் பொருத்தம் என்றாலும், குடில் பக்கத்தில் வைத்தால் சர்க்கஸ் வந்திருக்கிறது என்று நினைப்பார்கள். என் ஓட்டு தோஹா துறைமுகப் பக்கம், ராஸ் அபு அபூத் கடலோரத்தில் நிற்கும் 974-க்கு. அதில் உள்ள, கப்பலில் சரக்கு ஏற்றும் கண்டெய்னர்கள் 974, கத்தாரின் தொலைபேசிக் குறியீடும் 974. எல்லாம் நேர்கோடு, எல்லாம் பெட்டி. கை பழகாத பிள்ளையும் ஒரு பெட்டி மடித்துவிடும்.

ஒன்றை மட்டும் மனதில் வையுங்கள். அந்த மைதானம் கண்டெய்னர்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி எழுப்பியதல்ல. பாரத்தைத் தாங்குவது எஃகுச் சட்டம். கண்டெய்னர்களுக்குள்தான் கழிப்பறையும் தின்பண்டக் கடைகளும் இருந்தன. உலகக் கோப்பை முடிந்ததும் கழற்றி வேறு இடத்துக்குக் கொண்டுபோகலாம் என்று திட்டமிட்டுக் கட்டியது. நம்முடையதும் அப்படியே கழற்ற வர வேண்டும். ஃபெவிகாலைப் பெட்டி மடிக்க மட்டும் எடுங்கள், சட்டத்தின் பக்கம் கொண்டுபோகாதீர்கள். மழைக்கால ஈரத்தில், அதுவும் உப்புக்காற்றில், ஒட்டிய மாதிரி எப்படியும் பிரியும். அது தானாகப் பிரிவதைவிட நாம் பிரிப்பது நல்லது.

அளவு 200-க்கு 1. அதாவது 2 மீட்டர் என்றால் 1 செ.மீ. இதற்கு 4 அடிக்கு 4 அடி பிளைவுட் சரியாக இருக்கும். ஆடுகளம் 105-க்கு 68 மீட்டர், பலகையில் 52.5-க்கு 34 செ.மீ. தையல் சாக்பீஸால் கோடு போடுங்கள், தப்பினால் துடைத்துவிடலாம். நடு வட்டத்தின் ஆரம் 4.6 செ.மீ., பெனால்டி கட்டம் 20.2-க்கு 8.25, பெனால்டி புள்ளி கோல் கோட்டிலிருந்து 5.5. கோல் கம்பம் 3.66 அகலம், 1.22 உயரம். கோல் கம்பத்தின் உயரமும் கண்டெய்னரின் அகலமும் ஒன்றுதான், இரண்டும் 8 அடி. உங்கள் பெட்டி கோலுக்குப் பக்கத்தில் பெரிதாகத் தெரிந்தால் எங்கேயோ அளவு பிசகியிருக்கிறது என்று உடனே பிடித்துவிடலாம். வலைக்குக் கொசுவலைத் துண்டு.

புல்லுக்குப் பச்சை சாயம் போட்ட மரத்தூள். இரண்டு பச்சையில் பட்டை பட்டையாகத் தூவினால் டிவியில் பார்ப்பது போலவே வரும். இதைக் கடைசியில் செய்யுங்கள், இல்லையென்றால் எல்லோர் முழங்கையிலும் மைதானம் இருக்கும்.

அடுத்து பார்வையாளர் படிகள். உடைந்த மீன் பெட்டியின் தெர்மோகோல் துகள் கொட்டும், அதை விட்டுவிடுங்கள். மார்த்தாண்டத்தில் 5 மி.மீ. சன்போர்டு (நுரை அட்டை) கிடைக்கும். கோட்டிலிருந்து 4 செ.மீ. விட்டு முதல் படி. கீழே 8 படிகளை 1 செ.மீ. அகலத்தில் வையுங்கள், அதற்குமேல் 12 படிகளை 8 மி.மீ. அகலத்தில். மேலே போகப் போகச் செங்குத்தாக இருப்பது அழகுக்காக அல்ல. எல்லாப் படியும் ஒரே சாய்வாக இருந்தால், மேலே இருப்பவருக்கு முன்னால் இருப்பவர் தலை மறைக்கும். சோதித்துப் பாருங்கள்: ஆடுகளக் கோட்டில் ஒரு நூலைக் குத்தி, ஒரு படிக்கு 6 மி.மீ. மேலே இழுத்துப் பிடியுங்கள். முன் படியில் 6 மி.மீ. உயரத்துக்கு ஒரு குண்டூசி. நூல் ஊசித் தலையைத் தொடாமல் போனால் அந்தப் படியில் இருப்பவர் கொடுத்த காசுக்குப் பந்தைப் பார்ப்பார். படிகளை ஒட்ட வேண்டாம், மேலிருந்து நீள ஊசி குத்தி நிறுத்துங்கள். நான்கு மூலைகளையும் சாய்த்து வெட்டுங்கள்.

இப்போது சட்டம். சிக்கன் செருகும் மூங்கில் குச்சியும் சைக்கிள் வால்வ் டியூப்பும் போதும். படிகளுக்கு வெளியே சுற்றிலும் 6.5 செ.மீ.க்கு ஒரு துளையாக, 3 செ.மீ. இடைவெளியில் இரண்டு வரிசை போட்டு, குச்சிகளை நிறுத்துங்கள். வெளி வரிசைக் குச்சி உள்வரிசையைவிட 3 செ.மீ. உயரமாக இருக்கட்டும். வால்வ் டியூப்பைச் சிறு துண்டாக நறுக்கிக் குச்சியில் மாட்டி, அதன் பக்கவாட்டில் துளையிட்டு இன்னொரு துண்டைச் செருகினால் மூட்டு தயார். அதில் குறுக்குக் குச்சிகளைச் செருகி, 1.8 செ.மீ.க்கு ஒரு தளமாக ஆறு தளம். பெட்டிகள் இந்தத் தளங்களில்தான் உட்காரும். ஆட்டம் இருந்தால் மூலைகளில் தங்கூசியை (மீன் பிடிக்கும் நைலான் நரம்பு) குறுக்காக இழுத்துக் கட்டுங்கள், நின்றுவிடும்.

பெட்டிக்குக் கல்யாணப் பத்திரிகை அட்டை. 6-க்கு 5.5 செ.மீ. வெட்டி, 1.2, 2.5, 3.7, 5 என்று மடிப்புக் கோடு போட்டு, மிச்ச அரை செ.மீ.யில் பசை. முனைகள் திறந்திருக்கட்டும், நீளப் பக்கம்தான் வெளியே தெரியும். கண்டெய்னரின் நெளிவுக்கு நெளி உள்ள மெல்லிய பெட்டி அட்டையைத் தண்ணீரில் நனைத்து மேல்தாளை உரியுங்கள். உள்ளே நுணுக்கமான நெளி வரும். காய்ந்ததும் நெளி செங்குத்தாக நிற்கும்படி வெட்டி முகப்பில் ஒட்டுங்கள். மீன்பிடித் தடைக்காலத்தில் படகுக்கு அடித்த எனாமல் எந்த வீட்டிலும் மிச்சம் இருக்கும். சிவப்பு, மஞ்சள், நீலம், அடர் சாம்பல் போதும். ஈரக்காற்று அந்த பெயிண்டை ஒன்றும் செய்யாது.

974 பெட்டி வேண்டும் என்று பிள்ளைகள் அடம்பிடிப்பார்கள். இந்த அளவில் இடமே சுமார் 320 பெட்டிக்குத்தான். அதிலும் மூன்றில் ஒரு பங்கைக் காலியாக விடுங்கள். உண்மையான மைதானத்திலும் குளிர்சாதனம் கிடையாது, இடைவெளிகளில் நுழையும் கடற்காற்றுதான். அதனால்தான் உலகக் கோப்பையில் அங்கே நடந்த ஏழு ஆட்டமும் இரவு ஆட்டம். நமக்கு இரவு ஒன்பதரைக்கோ பன்னிரண்டரைக்கோ தொடங்கும். ஐந்து உலகக் கோப்பையிலும் கோல் போட்ட முதல் ஆண் வீரராக ரொனால்டோ ஆனதும் (போர்ச்சுகல் 3, கானா 2), மெஸ்ஸியின் பெனால்டியைப் போலந்தின் ஷ்செஸ்னி தடுத்ததும் இதே இடத்தில்தான். எங்கள் தெருவில் இந்த இரண்டு கட்சிக்கும் ஆள் உண்டு. அதனால் கோல் கம்பத்தில் யார் கொடி என்ற பேச்சே எடுக்காதீர்கள்.

கூரை என் துறை. வெள்ளை லைனிங் துணியில் 15 செ.மீ. அகலப் பட்டை, பக்கங்களுக்கு நான்கு, மூலைகளுக்கு நான்கு. இரண்டு தூணுக்கு ஒரு இடத்தில் குறுக்கே சிறு குழல் தைத்து, பாவாடைக்கு நாடா கோர்ப்பது போலக் குச்சியை நுழையுங்கள். குச்சியின் வெளிமுனை உள்வரிசைத் தூணின் தலையில் மாட்டும். உள்முனை தொங்காமல் இருக்க, அதிலிருந்து உயரமான வெளித்தூணின் நுனிக்குத் தங்கூசி இழுத்துக் கட்டுங்கள். துணியின் உள்விளிம்பு மடிப்பிலும் தங்கூசியைச் சுற்றிலும் ஓட்டி இறுக்கினால் சுருக்கம் போய்விடும். துணியை நனைத்து, தேய்த்து, அப்புறம் வெட்டுங்கள்.

விளக்குக்குப் பவர் பேங்கில் எரியும் 5 வோல்ட் வெள்ளை எல்இடி பட்டை, கூரைக் குச்சிகளின் அடியில். நேரடியாகக் கரண்டில் போடும் சீரியல் செட்டை அட்டைக்கும் மரத்தூளுக்கும் பக்கத்தில் கொண்டுவரவே கூடாது. அதோடு டிசம்பர் மழையில் கரண்ட் போனாலும் நம் ஆட்டம் நிற்காது.

பாலன் இயேசுவை நடு வட்டத்தில் வைக்கலாமா என்று கேட்பார்கள். வேண்டாம். குடில் மைதானத்துக்கு வெளியே, பலகையின் ஓரத்தில் ஓலைக் கொட்டகையாக இருக்கட்டும். நான் இடையர்களுக்கு மஞ்சள் ஹெல்மெட் வைப்பேன். கத்தாரில் சாரம் கட்டப் போனவர்கள் எங்கள் வீட்டிலும் உண்டு, ராத்திரி கண்விழித்து வேலை பார்ப்பவர்கள்தானே இருவரும்.

அசல் மைதானத்தைப் பிரிப்போம் என்றார்கள். ஆனால் 2024 டிசம்பரிலும் மெக்சிகோவின் பச்சூகா, பிரேசிலின் பொட்டாஃபோகோ அணிகள் அங்கே ஆடின. நம்முடையதை மூன்று ராஜாக்கள் திருநாள் முடிந்ததும் பிரித்துவிடுங்கள். முதலில் தங்கூசி, அப்புறம் கூரை, பெட்டிகள், கடைசியில் குச்சி. பெட்டிகளை நிறவாரியாக மூடியுள்ள டப்பாவில் போட்டுப் பரணில் ஏற்றுங்கள். வால்வ் டியூப்பில் கொஞ்சம் பவுடர் தூவினால் ஒன்றோடொன்று ஒட்டாது. மரத்தூளை மட்டும் தென்னை மூட்டில் கொட்டிவிடுங்கள், வைத்திருந்தால் பூஞ்சை பிடிக்கும்.