கேட்டருகே நின்ற அநாதை கார்

தக்கலையில் எங்கள் வீட்டு கேட்டை ஒட்டி ஒரு மாருதி 800 மாதக்கணக்கில் நின்றது. நான்கு டயரிலும் காற்று இல்லை. போனட் முழுக்க புளிய இலை. அடியில் ஒரு கீரி குடித்தனமே நடத்தியது.

நம்பர் கேஎல் 20, அதாவது கேரளாவின் நெய்யாற்றின்கரை. நம் டிஎன் 74, 75 என்றால் நாகர்கோவிலிலோ மார்த்தாண்டத்திலோ விசாரித்திருக்கலாம். வண்டி விவரம் காட்டும் அரசு செயலியான எம்பரிவாகனில் நம்பரைப் போட்டேன். பதிவான தேதி, இன்சூரன்ஸ் எப்போதோ முடிந்தது எல்லாம் வந்தது. உரிமையாளர் பெயரில் மட்டும் பாதி எழுத்துகள் நட்சத்திரக்குறிகள்! தனிநபர் விவரம் என்பதால் மறைக்கிறார்கள். நியாயம்தான், எரிச்சலாகவும் இருந்தது. பணம் கொடுத்தால் முகவரி தருகிறோம் என்கிற ஆட்களிடம் போகாதீர்கள்.

வேலைக்கு ஆனது போலீஸ் ஸ்டேஷன் மனுதான். போட்டோ, நம்பர், நிற்கும் இடம் எழுதி, மோட்டார் வாகனச் சட்டம் 127-ஆவது பிரிவையும் குறிப்பிட்டேன். பொது இடத்தில் 10 மணி நேரத்துக்கு மேல் கேட்பாரற்று நிற்கும் வண்டியை அப்புறப்படுத்தச் சொல்ல போலீசுக்கு அதிகாரம் தருவது அதுதான். திருட்டு வண்டியா என்றும் அவர்களே பார்த்துவிடுவார்கள். ரசீதை மறக்காமல் வாங்குங்கள்.

ஆர்.சி.யில் (பதிவுச் சான்றிதழில்) பெயர் இருந்தவர் வண்டியை எப்போதோ விற்றுவிட்டாராம், பெயர் மட்டும் மாற்றவில்லை. சட்டப்படி இன்னும் அவர்தானே உரிமையாளர்? போலீஸ் போன் போனதும் பதறி, வாங்கினவரைப் பிடித்து இழுத்து வந்தார். அந்த வாரமே வண்டி லாரியில் ஏறியது. கீரி இப்போது விறகுப்புரையில்.