மூச்சில் கீச்சொலி கேட்கும் கைக்குழந்தை: பாலூட்டுவதும் பார்த்துக்கொள்வதும்

பிறந்த முதல் சில வாரங்களுக்குள் சில குழந்தைகள் மூச்சை உள்ளே இழுக்கும்போதெல்லாம் ஒரு கீச்சொலி எழும். சளி என்று எண்ணி மூக்கைச் சுத்தம் செய்தாலும் அது மறையாது. கைக்குழந்தைகளிடம் இத்தகைய ஒலி தொடர்ந்து கேட்பதற்கு மிகப் பரவலான காரணம் லாரிங்கோமலேசியா எனப்படும் குரல்வளைத் தளர்ச்சி. குரல் நாண்களுக்கு மேலுள்ள திசுக்கள் விறைப்பின்றித் தொய்ந்திருப்பதால், மூச்சை இழுக்கும் விசையில் அவை காற்று செல்லும் வழிக்குள் சரிந்து அதிர்கின்றன. இதைப் போன்ற இன்னொரு நிலையான டிராக்கியோமலேசியாவில் தளர்ச்சி இன்னும் கீழே, மூச்சுக்குழாயில் இருக்கிறது. அங்கே பெரும்பாலும் மூச்சை வெளிவிடும்போது குழாய் ஒடுங்கி, இரைச்சலும் குரைப்பது போன்ற இருமலும் உண்டாகும். உணவுக்குழாய் பிறவியிலேயே அடைபட்டிருந்த குழந்தைகளிடமும், இதயத்தருகே உள்ள பெரிய இரத்தக்குழாய் மூச்சுக்குழாயை அழுத்தும் குழந்தைகளிடமும் இதைக் காணலாம். இவை எதுவும் தாயின் பராமரிப்பில் நேர்ந்த பிழையால் வருவதில்லை.

ஒலியின் உரப்பை வைத்து நோயின் கடுமையை அளக்கக் கூடாது. வீடே கேட்கும்படி ஒலியெழுப்பும் குழந்தை நன்றாகப் பால் குடித்து எடை கூடிவரலாம். மெல்லிய ஒலியுள்ள குழந்தை ஒவ்வொரு மூச்சுக்கும் போராடிக்கொண்டிருக்கலாம். ஆகவே சட்டையைக் கழற்றி மார்பைப் பாருங்கள். விலா எலும்புகளுக்கு இடையிலோ கழுத்துக் குழியிலோ தோல் ஆழமாக உள்வாங்குகிறதா, ஒலி உள்மூச்சிலா வெளிமூச்சிலா, மல்லாந்து படுக்கும்போதும் அழும்போதும் பால் குடிக்கும்போதும் அது கூடுகிறதா என்று கவனித்து, கைபேசியில் காணொளியாகப் பதிவு செய்துகொள்ளுங்கள். மருத்துவர் முன்னால் குழந்தை அமைதியாக உறங்கிவிடுவது வழக்கம் என்பதால், வாயால் விவரிப்பதைவிட இந்தப் பதிவு பெரிதும் உதவும். காது மூக்கு தொண்டை மருத்துவர் மெல்லிய வளையும் குழாய்க் கருவியை மூக்கு வழியே செலுத்தி, குழந்தை விழித்திருக்கும்போதே குரல்வளையைப் பார்த்துவிடுவார். மூச்சுக்குழாயின் தளர்ச்சியை உறுதிசெய்யப் பெரும்பாலும் மயக்கமருந்து கொடுத்து உள்நோக்கிப் பரிசோதனை செய்ய வேண்டியிருக்கும்.

பெற்றோர் கையில் உள்ள வேலை பெரும்பாலும் பாலூட்டுவதில்தான் இருக்கிறது. விழுங்கும் ஒவ்வொரு முறையும் மூச்சு ஒரு கணம் நிற்கிறது. உறிஞ்சு, விழுங்கு, மூச்சு விடு என்ற தாளம் ஏற்கெனவே மூச்சுக்குத் திணறும் குழந்தைக்கு எளிதில் குலைந்து, பால் காற்றுவழிக்குள் புகுந்து புரையேறும். அதனால் தலை வயிற்றைவிட நன்கு உயர்ந்திருக்கும்படியோ ஒருக்களித்த நிலையிலோ குழந்தையைப் பிடித்துக்கொண்டு ஊட்டுங்கள். புட்டிப்பால் என்றால் மெதுவாகப் பாயும் நிப்பிளைத் தேர்ந்தெடுத்து, சில முறை உறிஞ்சியதும் புட்டியைச் சற்றுத் தாழ்த்தி மூச்சு வாங்க இடம் கொடுங்கள். தாய்ப்பால் வேகமாகப் பீறிட்டால், முதல் வேகம் அடங்கும்வரை சற்றுப் பீய்ச்சிவிட்டுக் கொடுக்கலாம். குறைந்த அளவில் அடிக்கடி கொடுப்பது நல்லது. ஏப்பம் வரச்செய்து, அரை மணி நேரம் தோளில் நிமிர்த்தி வைத்திருங்கள். இக்குழந்தைகளில் பலருக்குப் பால் எதுக்களிக்கும், அதனுடன் மேலேறும் வயிற்று அமிலம் பட்டுக் குரல்வளைத் திசுக்கள் மேலும் வீங்கும். பாலைக் கெட்டியாக்கும் பொடிகளை, குறிப்பாகக் குறைமாதக் குழந்தைக்கு, மருத்துவர் சொல்லாமல் சேர்க்கவே கூடாது.

புரையேறினால் குழந்தை இருமும் என்று நம்பிவிட முடியாது. இருமலே இல்லாமல் பால் நுரையீரலுக்குள் இறங்குவதும் உண்டு. பாலுக்குப் பின் ஈரமான கரகரப்பு, அடிக்கடி நெஞ்சுச்சளி, திரும்பத் திரும்ப நிமோனியா ஆகியவை தென்பட்டால், விழுங்குவதை எக்ஸ்ரே காணொளியாகப் பார்க்கும் பரிசோதனை தேவையா என்று கேளுங்கள். ஒரு வேளைப் பாலுக்கு அரை மணிக்கு மேல் ஆகி, பாதியிலேயே களைத்து வியர்த்து உறங்கிவிடும் குழந்தையின் எடையை அடிக்கடி பார்த்துக் குறித்து வைக்க வேண்டும்.

குப்புறப் படுத்தால் ஒலி குறையும் என்பது உண்மைதான். ஆயினும் குழந்தையை மல்லாத்தியே, தலையணையில்லாத உறுதியான சமதளப் படுக்கையில்தான் உறங்க வைக்க வேண்டும், ஏனெனில் குப்புற உறங்கும் குழந்தைக்குத் திடீர் மரண ஆபத்து கூடுகிறது. விழித்திருக்கும்போது உங்கள் கண்முன்னே குப்புறப் படுக்க விடலாம். ஆஸ்துமா இழுப்பு என்று கருதி நெபுலைசர் மருந்தை நீங்களாகக் கொடுக்காதீர்கள். மூச்சுக்குழாய்த் தசையைத் தளர்த்தும் மருந்து டிராக்கியோமலேசியாவைச் சில குழந்தைகளிடம் மோசமாக்கும். வீட்டில் புகைபிடித்தலும் அறவே கூடாது.

உதடோ நாக்கோ நீலம் பாரித்தாலும், மூச்சு 20 விநாடிகளுக்கு மேல் நின்றாலும், குழந்தை துவண்டு போனாலும், மார்பு ஆழமாக உள்வாங்கிக்கொண்டே இருந்தாலும் உடனே அவசர சிகிச்சைக்குக் கொண்டு செல்லுங்கள்.

குரல்வளைத் தளர்ச்சியின் ஒலி முதல் சில மாதங்களில் கூடி, பெரும்பாலான குழந்தைகளிடம் 12 முதல் 24 மாதங்களுக்குள் தானே அடங்கிவிடும். எடை கூடாத, மூச்சு நின்று நின்று வரும் சிலருக்கு மட்டுமே தளர்ந்த திசுவைச் சீரமைக்கும் அறுவை தேவைப்படுகிறது. இடையில் சளி பிடித்தால் ஒலி மீண்டும் உரக்கும். அந்நாள்களில் பாலின் அளவைக் குறைத்து, தடவைகளைக் கூட்டுங்கள். வேறு எந்தச் சிகிச்சைக்காக மயக்கமருந்து கொடுக்க நேர்ந்தாலும், மூச்சுப்பாதை தளர்ந்திருப்பதை மயக்க மருத்துவரிடம் முன்கூட்டியே தெரிவித்துவிடுங்கள்.