வாயனசாலையில் யிர்ஷி மென்ஸல்: பட வரிசையும் தமிழ் சப்டைட்டிலும்

பாலக்காட்டுத் தமிழ் பேசும் ஊர்களான கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம் பக்கத்து வாயனசாலைகளில் (ஊர் நூலகங்களில்) செக் இயக்குநர் மென்ஸலின் படங்களை மாதம் ஒன்றாகத் திரையிட நினைத்தால், வெளியான ஆண்டு வரிசையில் போகாதீர்கள். 1985இல் வந்த ‘என் இனிய சின்ன கிராமம்’ படத்தில் தொடங்குங்கள். ஒரு லாரி டிரைவர், வேலைக்கு உதவாத வெள்ளந்திக் கிளீனர், ஊர்வம்பு, எல்லாருக்கும் ஒட்டும். ஆஸ்கர் வாங்கிய ‘கூர்ந்து கவனிக்கப்படும் ரயில்கள்’ (1966) இரண்டாவதாக வரட்டும்.

மூன்றாவது ‘நூலில் கட்டிய வானம்பாடிகள்’. 1969இல் எடுத்த படம். 1968இல் செக்கோஸ்லோவாக்கியா மீது நடந்த சோவியத் படையெடுப்புக்குப் பின் வந்த ஆட்சி பெட்டிக்குள் பூட்டிவைத்து, 1990இல்தான் வெளியே வந்தது. அதே ஆண்டு பெர்லின் திரைப்பட விழாவின் முதல் பரிசான தங்கக் கரடியை இன்னொரு படத்துடன் பகிர்ந்துகொண்டது. படம் போடும் முன் இதையும், கம்யூனிஸ்ட் ஆட்சி தனக்கு வேண்டாதவர்களைத் ‘திருத்த’ உடலுழைப்புக்கு அனுப்பியதையும் சொல்லாவிட்டால், பழைய இரும்புக் கிடங்கில் பேராசிரியருக்கு என்ன வேலை என்று பாதிப் பேருக்குப் புரியாது. ‘இங்கிலாந்து மன்னருக்குப் பரிமாறினேன்’ (2006) கடைசியில். 2016இல் திருவனந்தபுரம் திரைப்பட விழா மென்ஸலுக்கு வாழ்நாள் சாதனை விருது கொடுத்ததை நோட்டீசில் போடுங்கள். கேரளத்தில் அதற்குத் தனி மதிப்பு.

திரையிடல் அனுமதிக்கு பிராகிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கும் டில்லி செக் தூதரகத்துக்கும் முன்கூட்டியே எழுதுங்கள்.

பெரும்பாலும் கெடுவது சப்டைட்டில்தான். சினிமா விநாடிக்கு 24 ஃபிரேம். ஐரோப்பிய டிவிடி அதை 25ஆக ஓட்டும். 93 நிமிடப் படம் 89 நிமிடத்தில் முடிந்துவிடும். 24க்குச் செய்த சப்டைட்டிலை அதில் ஏற்றினால் பத்து நிமிடத்தில் 24 விநாடி பின்தங்கும். படம் ஓட்டும் விஎல்சி மென்பொருளில் ஜி, ஹெச் விசைகளைத் தட்டிப் பயனில்லை. அவை எல்லா வரிகளையும் ஒரே அளவுதான் நகர்த்தும். ‘சப்டைட்டில் எடிட்’ மென்பொருளில் ஃபிரேம் ரேட்டை மாற்றி, முதல் வசனம், கடைசி வசனம் இரண்டையும் சரிபாருங்கள். கிராமப் படத்தில் கிளீனர் ஓட்டிக்கின் உதட்டைப் பார்த்துச் சரிபார்க்க வேண்டாம்: நடித்த யானோஷ் பான் ஹங்கேரியர், குரல் வேறொருவருடையது. டாக்டராக வரும் ருடால்ஃப் ஹ்ருஷின்ஸ்கியின் உதட்டைப் பாருங்கள்.

ஃபைலை யுடிஎஃப்-8 என்ற எழுத்துக் குறியீட்டில் சேமியுங்கள். தமிழுக்குப் பதில் கட்டங்கள் தெரிந்தால், விஎல்சியில் எழுத்துருவை ‘நிர்மலா யுஐ’ என்று மாற்றுங்கள். வரி படிக்கும் அளவில் இருக்கிறதா என்று பார்க்க மென்பொருள் காட்டும் எழுத்துக் கணக்கை நம்பாதீர்கள். ‘கொ’ அதற்கு இரண்டு எழுத்து. வாய்விட்டு நிதானமாகப் படித்துப் பாருங்கள்; வசனம் முடியும்முன் படித்து முடியாவிட்டால் வரியை வெட்டுங்கள். மென்ஸலிடம் சிரிப்பு வசனத்தில் பாதி, அதைக் கேட்டவர் முகத்தில் மீதி. கேள்வியையும் பதிலையும் ஒரே சப்டைட்டிலில் அடைத்தால், நடிகர் வாய் திறக்கும்முன் கூட்டம் சிரித்துவிடும். பதிலுக்குத் தனி சப்டைட்டில், அது பேசத் தொடங்கும் அதே கணத்தில்.

இந்தப் பக்கத்தில் வீட்டில் தமிழ் பேசி, பள்ளியில் மலையாளம் மட்டும் படித்த பிள்ளைகள் நிறைய. மேலே தமிழ், கீழே மலையாளம் என்று ஒவ்வொரு வரி வைக்கலாம். ஆனால் ஒவ்வொரு மொழியும் ஒரே வரிக்குள் அடங்க வேண்டும், நான்கு வரியானால் படம் மறையும். வசனம் மிகுந்த 2006 படத்துக்கு இது சரிவராது. தமிழுக்கு ஒன்று, மலையாளத்துக்கு ஒன்று என்று இரண்டு திரையிடலாகப் பிரித்துவிடுங்கள்.

ரயில் படத்தில் நிலைய ஊழியர் தந்திப் பெண்ணின் பின்புறத்தில் ரப்பர் முத்திரை குத்தும் காட்சி உண்டு. பெரியவர்களுக்கு மட்டும் என்று நோட்டீசிலேயே அச்சிடுங்கள். படத்தை நடுவில் நிறுத்தி ஓட்டுவதைவிட அது மேல்.