பேஸ்போல் நிர்வாகியின் திரைத் தோற்றங்களைத் தொகுக்கும் முறை

திருகோணமலையில் கழக வினாடிவினாவுக்கோ பாடசாலை ஒப்படைக்கோ இப்படியொரு பட்டியல் போடுவதானால், முதலில் தாளில் நான்கு நிரல் கீறுங்கள்: ஆண்டு, படைப்பு, யார் வந்தார், எப்படி வந்தார். கடைசி நிரலில்தான் பலரும் சறுக்குவார்கள்.

நியூயோர்க் யாங்கீஸ் பேஸ்போல் அணியின் உரிமையாளராக இருந்த ஜோர்ஜ் ஸ்டைன்பிரென்னரை எடுங்கள். 1994இல் ‘த ஸ்கவுட்’ படத்தில் அவரே அவராக வந்தார். அது இலேசு. ஆளை மாட்டுவது ‘சைன்ஃபெல்ட்’ தொடர். அதில் ஸ்டைன்பிரென்னர் பாத்திரமாக முதுகைக் காட்டிக்கொண்டிருப்பவர் லீ பேர். குரல் லரி டேவிட்டுடையது. ஆகவே ஒரே பாத்திரத்துக்கு இரண்டு வரி எழுதுங்கள். அதே தொடருக்காக 1996இல் ஸ்டைன்பிரென்னரே நடித்த காட்சி ஒளிபரப்புக்கு முன்பே வெட்டப்பட்டது. அதை ‘எடுத்தது, போகவில்லை’ என்று தனியே குறியுங்கள். எண்ணிக்கையில் சேர்த்தால் பிழை.

திகதியும் காலை வாரும். ஸ்டைன்பிரென்னர் தொகுத்து வழங்கிய ‘சாட்டர்டே நைட் லைவ்’ தொலைக்காட்சி நகைச்சுவை நிகழ்ச்சி 1990 ஒக்டோபர் 20, சனி இரவு 11.30க்கு நியூயோர்க்கிலிருந்து நேரடியாகப் போனது. நம் நேரப்படி அது 21, ஞாயிறு காலை 9 மணி. பட்டியலில் அமெரிக்கத் திகதியையே வையுங்கள்.

‘மணிபோல்’ (2011) படத்தில் பிராட் பிட் ஏற்ற பில்லி பீன் உரிமையாளர் அல்ல, ஓக்லண்ட் அணியின் பொது முகாமையாளர். அணிக்கு ஆள் எடுப்பதும் மாற்றுவதும் அவர் பொறுப்பு. தலைப்பில் ‘நிர்வாகி’ என்று போட்டால் இருவரும் அடங்குவர். ‘உரிமையாளர்’ என்றால் பீனை எடுத்துவிடுங்கள்.