காலத்தை மாற்றும் நடனம்: கதையில் படைப்போர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஓர் ஆட்டம் நிகழும்போது அரங்கில் ஒரு நாழிகையும் வெளியே ஒரு தலைமுறையும் கழிகிற கற்பனை மரபைக் கதையில் படைக்க விரும்புவோர், முதலில் உண்மையான நடன மரபுகள் காலத்தை எப்படிக் கையாளுகின்றன என்று அறிந்துகொள்வது நல்லது. அதை அறியாமல் எழுதும்போது, நடனம் வெறும் மந்திரக்கோலாகச் சுருங்கிவிடுகிறது.

பெரிய தவறு, காலத்தையும் வேகத்தையும் ஒன்றென எண்ணுவதுதான். பரதநாட்டியம் பயிலும் குழந்தை ஒவ்வோர் அடவையும், அதாவது அடிப்படை ஆட்ட அசைவையும், மூன்று காலங்கள் எனப்படும் மூன்று படிகளில் ஆடக் கற்கிறது. ஆசிரியர் தாளம் தட்டும் தட்டுக்கழியின் ஒலி மூன்றிலும் ஒரே சீராகத்தான் செல்லும். முதல் காலத்தில் 8 எண்ணிக்கையில் முடிகிற அடவு இரண்டாம் காலத்தில் 4 எண்ணிக்கையிலும், மூன்றாம் காலத்தில் 2 எண்ணிக்கையிலும் முடிந்துவிடும். தாளம் விரைவதில்லை, ஒரு தட்டுக்கும் அடுத்த தட்டுக்கும் இடையில் கூடுதலான அசைவுகள் நிரம்புகின்றன. தொடக்க மாணவர்கள் மூன்றாம் காலம் என்றதும் தாளத்தையே ஓட்டிவிடுவதுண்டு. ஆட்டம் விரைந்தால் காலமும் விரையும் என எழுதுபவரும் அதே பிழையைத்தான் செய்கிறார். மாறாத தட்டுக்குள் நான்கு மடங்கு வாழ்வு அடங்குவதாக வைத்துக்கொண்டால், 10 நிமிடம் ஆடி முடித்தவளின் உடலில் 40 நிமிட முதுமை ஏறியிருக்கும். கதைக்கு அது எத்தனை வளமான விதி! ஒரு தட்டை உள்ளே பிரிக்கும் முறைகளான நடைகளும் இப்படியே. ஒரே தட்டை 3 ஆகப் பிரித்தால் திஸ்ரம், 4 ஆனால் சதுஸ்ரம், 5 கண்டம், 7 மிஸ்ரம், 9 சங்கீர்ணம்; நடை மாறும்போது காலம் எப்படிப் பிளவுபடும் என்பதற்கு இங்கேயே விதிகள் கிடைக்கின்றன.

அடுத்த தவறு, யாருடைய காலம் மாறுகிறது என்பதைத் தெளிவாக்காமல் விடுவது. கேரளத்தின் சமஸ்கிருத நாடக மரபான கூடியாட்டத்தில் நிர்வஹணம் என்றொரு பகுதி உண்டு. மேடையேறிய பாத்திரம் நிகழ்கதையை நிறுத்திவிட்டு, அதற்கு முன் நடந்தவற்றைப் பல இரவுகள் முத்திரைகளாலும் கண்களாலும் விரித்துக் காட்டும். நாடகத்தின் காலம் ஒரு கணமும் நகர்ந்திராது. விளக்கின் எண்ணெய் மட்டும் குறைந்துகொண்டிருக்கும். பாத்திரத்தின் காலம், கதையின் காலம், பார்வையாளரின் காலம் ஆகிய மூன்றும் ஒரே கூத்தம்பலத்தில், அதாவது கோயில் அரங்கில், வெவ்வேறாக ஓடுவதை நம் கற்பனை மரபும் பிரித்தறிய வேண்டும்.

தாளம் பிடிப்பவரை மறந்துவிடுவதும் எனக்கு மிகவும் வருத்தம் தருகிற குறை. அரங்கில் பார்வையெல்லாம் ஆடுபவர் மீது இருந்தாலும், கைத்தாளத்தோடு அமர்ந்து சொற்கட்டு எனும் தாளச் சொற்களைச் சொல்லும் நட்டுவனாரே காலப்பிரமாணத்தை, அதாவது தாளத்தின் சீரான வேகத்தை, காக்கிறார். இன்று ஆடப்படும் மார்க்கத்தை, அதாவது பரதநாட்டியக் கச்சேரியின் உருப்படி வரிசையை, 19ஆம் நூற்றாண்டில் வகுத்தவர்களாக அறியப்படும் தஞ்சை நால்வரான சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு ஆகியோர் நட்டுவனார் மரபினரே. ஆகவே காலத்தை மாற்றும் ஆற்றல் ஆடுபவரிடம் மட்டும் இருப்பதாக எழுதுவது பொருந்தாது. அவள் நூற்றாண்டுகளைக் கடந்து செல்லும்போது தாளத்தை விடாமல் அமர்ந்திருக்கும் ஒருவர் தேவை; அவருக்கும் அவளுக்கும் இடையிலான நம்பிக்கையில்தான் கதையின் உயிர் இருக்கும்.

அணிகலன், ஒப்பனை ஆகியவற்றை நீட்டி வருணிப்பது சிறு குறை. அதைத் திருத்துவது எளிது. திரும்பி வரும் இடத்தை வரையறுக்காமல் விடுவதோ கதையையே குலைத்துவிடும். ஆட்டப் பகுதியை முடித்துவைக்கும் தாளக் கோவையான தீர்மானம் எங்கு அலைந்தாலும் சமத்திலோ (தாளச் சுற்றின் முதல் தட்டு) எடுப்பிலோ (பாடல் தொடங்கும் இடம்) வந்து சேர்ந்தாக வேண்டும். ‘ததிங்கிணதொம்’ என்ற 5 மாத்திரை (தட்டின் உட்பிரிவு அலகு) கொண்ட சொற்கட்டை மூன்று முறை சொன்னால் 15 மாத்திரைகள் ஆகின்றன. சதுஸ்ர நடையில் 4 தட்டுகளுக்கு 16 மாத்திரைகள். தொடக்கத்தில் ஒரு மாத்திரையை விட்டு எடுத்தால்தான் அடுத்த தட்டு சமமாக அமையும். அதை விட மறந்த ஆட்டக்காரி, தான் புறப்பட்ட நாளுக்கு ஒரு மாத்திரை முன்னதாகவே வந்து நிற்பாள். அவள் வந்து சேர்ந்ததை நட்டுவனார் இன்னும் அறிந்திருக்க மாட்டார்.